ஈத்த பாளி: தகடூரிலிருந்து கோவலூர் வரை நான்கு நாள்

முதல் நாள், தருமபுரி

பேருந்து நிலையத்தில் இறங்கியதும் முதலில் கண்ணில் பட்டது நெல்லிக்காய். தள்ளுவண்டியில் குவித்து வைத்து, பக்கத்தில் ஒரு தட்டில் உப்பும் மிளகாய்த்தூளும் கலந்து வைத்திருந்தார்கள். வேறு எந்த ஊராக இருந்தாலும் நான் கவனித்திருக்க மாட்டேன். இது தகடூர். அதியமான் நெடுமான் அஞ்சியின் ஊர். ஐந்து காய்கள் வாங்கிப் பையில் போட்டுக்கொண்டேன். ஒன்றை அங்கேயே நின்று கடித்தேன். துவர்ப்பு, புளிப்பு, பிறகு ஒரு வாய் தண்ணீர் குடித்ததும் நாக்கில் பரவும் அந்த இனிப்பு.

இந்தப் பயணத்துக்கு நான் கொண்டுவந்த புத்தகம் ஒன்றே ஒன்றுதான். அப்பாவின் புறநானூறு. அவர் முப்பத்தொரு வருடம் தமிழாசிரியராக இருந்தவர். அட்டை கழன்று, அரிசிக்கஞ்சி தடவி ஒட்டிய பிரதி. ஓரங்களில் பென்சில் குறிப்புகள். சில பாடல்களின் பக்கத்தில் வெறும் தேதி மட்டும் இருக்கும். சிறு வயதில் அவை பாடம் நடத்திய நாட்கள் என்று நினைத்திருந்தேன். அம்மா இறந்த தேதியை 232ஆம் பாடலின் ஓரத்தில் பார்த்தபோதுதான் எல்லாம் புரிந்தது. தாத்தா, பெரியம்மா, உடன் வேலை பார்த்த கணக்கு வாத்தியார் என்று ஒவ்வொருவருக்கும் ஒரு பாடலை அவர் ஒதுக்கியிருந்தார். அப்பா போய் ஒன்றரை வருடம் ஆகிறது. அவருக்கான தேதியை நான் இன்னும் எங்கும் எழுதவில்லை.

நெல்லிக்கனியின் கதையைப் பள்ளிப் புத்தகத்தில் படிக்காத தமிழர் குறைவு. ஆனால் பாட்டில் (புறம் 91) அது இறுதி நான்கைந்து அடிகளில் முடிந்துவிடுகிறது.

"தொன்னிலைப்
பெருமலை விடரகத்து அருமிசைக் கொண்ட
சிறியிலை நெல்லித் தீங்கனி குறியாது
ஆதல் நின்னகத்து அடக்கிச்
சாதல் நீங்க எமக்கீத் தனையே."

பெரிய மலையின் பிளவில், ஏற முடியாத உச்சியில் கிடைத்த கனி. உண்டால் சாவு விலகும். அதன் பயனைச் சொல்லாமல் தனக்குள் அடக்கிக்கொண்டு ஔவைக்குக் கொடுத்துவிட்டான். 'அடக்கி' என்ற சொல்லில் நான் ஒவ்வொரு முறையும் நின்றுவிடுவேன். சொல்லியிருந்தால் அவர் உண்டிருப்பாரா? 'மன்னா, நீ உண்' என்றுதான் சொல்லியிருப்பார். அது தெரிந்துதான் அவன் சொல்லவில்லை. பதிலுக்கு ஔவை அவனை வாழ்த்துகிறார்: நஞ்சுண்டும் சாகாத நீலமணி மிடற்றோன் போல நீ நிலைபெறுக என்று.

வாழ்த்து பலிக்கவில்லை. சேரமான் பெருஞ்சேரல் இரும்பொறை படையெடுத்து வந்து தகடூரை அழித்தான். பதிற்றுப்பத்தின் எட்டாம் பத்தில் அரிசில் கிழார் அவனைத் 'தகடூர் எறிந்தவன்' என்று புகழ்கிறார். அந்தப் போரைப் பாடிய 'தகடூர் யாத்திரை' என்ற நூல் முழுதாக நமக்குக் கிடைக்கவில்லை. புறத்திரட்டு என்ற தொகுப்பில் சில பாடல்கள் தங்கியதோடு சரி. அதியமான் இறந்தான். சாவை விலக்கும் கனியை உண்டவர் இருந்து, கொடுத்தவனுக்குக் கையறுநிலை, அதாவது இரங்கற்பா, பாடினார்.

"இல்லா கியரோ காலை மாலை
அல்லா கியர்யான் வாழும் நாளே
நடுகல் பீலி சூட்டி நார்அரி
சிறுகலத்து உகுப்பவும் கொள்வன் கொல்லோ
கோடுஉயர் பிறங்குமலை கெழீஇய
நாடுஉடன் கொடுப்பவும் கொள்ளா தோனே."

இதுதான் 232. காலையும் மாலையும் இல்லாமல் போகட்டும், நான் வாழும் நாட்களும் இல்லாமல் போகட்டும். கல்லை நட்டு, மயில்பீலி சூட்டி, நாரால் வடித்த கள்ளைச் சிறு கலத்தில் ஊற்றுகிறார்களே, அதை அவன் ஏற்றுக்கொள்வானா? மலையோடு சேர்த்து ஒரு நாட்டையே கொடுத்தாலும் வாங்காதவன் ஆயிற்றே அவன். 91ஐயும் 232ஐயும் சேர்த்துப் படிக்க வேண்டும் என்று அப்பா சொல்வார். நீண்ட ஆயுள் என்பது ஔவைக்கு என்னவாக முடிந்தது என்பது அப்போதுதான் தெரியும்.

பிற்பகல் தொல்லியல் துறையின் அகழ்வைப்பகத்துக்குப் போனேன். இந்த வட்டாரத்தில் கிடைத்த நடுகற்களை, சண்டையில் மாண்டவர் நினைவாக நட்ட கற்களை, அங்கே வரிசையாக நிறுத்தியிருக்கிறார்கள். பழைய கற்களில் பெரும்பாலும் ஒரே ஓர் ஆள்தான். ஒரு காலை முன்வைத்து, உடலை முறுக்கி, ஆயுதத்தை ஓங்கி நிற்பான். சிலவற்றில் மார்பிலும் தொடையிலும் அம்புகள் தைத்திருக்கின்றன. ஆனாலும் அவன் நின்றுகொண்டிருக்கிறான். செதுக்கியவர் அவனை விழவே விடவில்லை. காலடியில் மூக்கு வைத்த ஒரு சிறிய கெண்டி. அதைக் கண்டதும் எனக்கு உடம்பு சிலிர்த்தது. 'நார்அரி சிறுகலம்'! பாட்டு பிறந்து சில நூறு ஆண்டுகளுக்குப் பிறகு செதுக்கிய கல்லிலும் அந்தக் கள் கலம் அதே இடத்தில் இருக்கிறது.

பிற்காலக் கற்கள் வேறு மாதிரி. ஒரே கல்லை இரண்டு மூன்று அடுக்குகளாகப் பிரித்திருக்கிறார்கள். கீழே போர், நடுவில் வானமகளிர் இருபுறமும் பிடித்து அவனைத் தூக்கிச் செல்கிறார்கள், மேலே அவன் லிங்கத்தின் முன் அமர்ந்திருக்கிறான். வேலைப்பாடு கூடியிருக்கிறது. ஆனால் என் மனம் பழைய கற்களிடமே போகிறது. சொர்க்கத்துக்குப் போனவர்கள் எல்லாரும் ஒரே முகமாகிவிடுகிறார்கள். தரையில் நின்று சாகிறவனுக்குத்தான் தனி முகம் இருக்கிறது.

மூலையில் இருந்த சதிக்கற்களைப் பற்றியும் எழுதியாக வேண்டும். வளையல் அணிந்த ஒரு பெண்ணின் கை, முழங்கையில் மடங்கி மேலே உயர்ந்திருக்கும். கணவனின் சிதையில் ஏறியவளின் அடையாளம் அது. அந்த வளையல்கள் உடையவில்லை என்று காட்டுவதற்காகவே செதுக்கியது. மாண்டவனின் புகழுக்கு இன்னொரு உயிரைச் சேர்த்து எரித்திருக்கிறார்கள். அந்தக் கைக்கு முன்னால் என்னால் கும்பிடவும் முடியவில்லை, நகரவும் முடியவில்லை.

இரண்டாம் நாள், அரூர் வழியாக எடுத்தனூர், செங்கம்

காலை பஸ்ஸில் அரூர், அங்கிருந்து தண்டராம்பட்டுப் பக்கம். வழியெல்லாம் மரவள்ளிக் காடும் கரும்பும். அரூரில் சாப்பிட்ட இட்லியைத் தவிர நண்பகல் வரை எழுத ஒன்றும் இல்லை.

எடுத்தனூர் கல்லைப் பார்க்க வேண்டும் என்பது என் பல வருட ஆசை. மகேந்திரவர்மப் பல்லவனின் முப்பத்து நான்காம் ஆட்சியாண்டில் நட்ட கல். வட்டெழுத்து. கருந்தேவக்கத்தி என்பவன் சண்டையில் பட்டான், அதாவது இறந்தான், என்று ஒரு கல்வெட்டு சொல்கிறது. அவன் அருகே ஒரு நாய் நிற்கிறது. நாய்க்கும் தனியாக எழுதியிருக்கிறார்கள். கோவிவன் என்னும் நாய் கள்ளனைக் கடித்துக் 'காத்திருந்தவாறு' என்று. ஆயிரத்து நானூறு வருடமாக அந்த நாயின் பெயர் அழியவில்லை. மகேந்திரவர்மனின் எத்தனை அமைச்சர்களுடைய பெயர் நமக்குத் தெரியும்? விழுந்தவன் பக்கத்திலிருந்து நகராமல் காத்திருந்ததை யாரோ ஒருவர் பார்த்திருக்கிறார், அது எழுதப்பட வேண்டும் என்று நினைத்திருக்கிறார். நேற்று ஔவையைப் பற்றி எழுதியதை மீண்டும் நினைத்துக்கொண்டேன். மிஞ்சியவர் செய்யக்கூடியது இதுதான் போலும்.

இந்தக் கற்களின் மொழி மிகச் சிக்கனமானது. இந்த அரசனுக்கு இத்தனையாவது ஆண்டு, இன்னாருடைய ஆள் இன்னான், 'தொறு மீட்டுப் பட்டான் கல்'. தொறு என்றால் ஆநிரை. அழுகை இல்லை, அடைமொழி இல்லை. ஊர் மாட்டைக் கள்ளர் ஓட்டிக்கொண்டு போனார்கள், மீட்கப் போனவன் மாடுகளைத் திருப்பி அனுப்பிவிட்டுத் தான் திரும்பவில்லை. பெரும்பாலான வீரர்கள் அரசர்கள் இல்லை. மாட்டுக்காகச் செத்த ஊர்க்காரர்கள். தொல்காப்பியம் இதற்கு ஆறு படிகள் சொல்கிறது: கல்லைத் தேர்ந்து காண்பது, கொண்டுவருவது, நீராட்டுவது, நடுவது, படையல் இடுவது, வாழ்த்துவது. கண்ணகிக்குச் செங்குட்டுவன் கல் எடுத்தபோதும் சிலப்பதிகாரம் அதே வரிசையில்தான் காதைகளுக்குப் பெயர் வைக்கிறது, காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுகல், வாழ்த்து என்று. மாடு மீட்டவனுக்கும் பத்தினித் தெய்வத்துக்கும் ஒரே சடங்கு.

செங்கத்துக்குப் போகும் வழியில் ஒரு வேடியப்பன் கோயிலில் வண்டியை நிறுத்தச் சொன்னேன். இந்தப் பக்கத்தில் நடுகற்களை வேடியப்பன் என்று கும்பிடுகிறார்கள். வேப்பமரத்தடி, ஓலைச் சார்ப்பு, உள்ளே ஒரு கல். மஞ்சளும் சந்தனமும் எண்ணெயும் தலைமுறை தலைமுறையாக ஏறி வீரனின் உருவம் ஒரு மேடு போலத்தான் தெரிந்தது. எழுத்து இருந்ததா என்று தடவிப் பார்க்கக்கூட வழியில்லை. ஓர் அம்மா விளக்குக்கு எண்ணெய் ஊற்றிக்கொண்டிருந்தார்.

"அம்மா, இந்தச் சாமியின் சொந்தப் பெயர் என்ன என்று யாருக்காவது தெரியுமா?"

"வேடியப்பன்தான் தம்பி."

"அதற்கு முன்னால், ஆளாக இருந்தபோது?"

அவர் திரியைத் தூண்டிவிட்டு என்னைப் பார்த்தார். "அப்பன் என்று கூப்பிட்டால் போதாதா? கூப்பிட்டால் வருகிறார். பெயர் எதற்கு?"

பிறகு அவர் கண்ணை மூடிக்கொண்டு வேண்டிக்கொண்டார். அவர் வேண்டியது என்ன என்று நான் கேட்கவில்லை. புறநானூற்றில் ஒரு பெண் இப்படித்தான் நடுகல்லைக் கைதொழுகிறாள் (306). என் வீட்டுக்கு விருந்தினர் வரட்டும், என் கணவனுக்குப் பெரிய பகை வாய்க்கட்டும் என்று. அள்ளூர் நன்முல்லையார் பாடியது. ஒரு வேண்டுதல் நமக்குப் புரிகிறது, இன்னொன்று நடுங்க வைக்கிறது. மாங்குடி கிழார் இன்னும் ஒரு படி மேலே போய், யானையை எறிந்து வீழ்ந்தவனின் கல்லைத் தவிர நெல் தூவித் தொழ வேறு கடவுளே எங்களுக்கு இல்லை என்கிறார் (335).

ஆராய்ச்சியாளர்கள் எழுத்து அழிவதைப் பார்த்து வருந்துவார்கள். நானும் வருந்துகிறேன். ஆனால் அந்த அம்மாவின் கையில் இருந்த எண்ணெய்ச் செம்பைப் பார்த்த பிறகு முழு மனதோடு வருந்த முடியவில்லை. அகழ்வைப்பகத்தில் நேற்றுப் பார்த்த வீரனுக்குப் பெயர்ப் பலகை இருக்கிறது, கலத்தில் ஊற்ற ஆள் இல்லை. இவனுக்குப் பெயர் போய்விட்டது, ஊற்றுவது நிற்கவில்லை.

செங்கம் வந்து சேர்ந்தபோது இருட்டிவிட்டது. மலைபடுகடாம் போற்றும் நன்னனின் செங்கண்மா இதுதான். கூத்தருக்கு வழி சொல்லும் புலவர், போகும் பாதையில் நடுகற்கள் எண்ண முடியாதபடி இருக்கும் என்று சொல்லி வைக்கிறார். "செல்லா நல்லிசைப் பெயரொடு நட்ட" கற்கள். 'சாவா' என்று சொல்லக்கூடிய இடத்தில் 'செல்லா' என்கிறார். போகாத புகழ். விடுதி அறையில் இதை எழுதிக்கொண்டிருக்கும்போது, அப்பா இந்த அடியைக் கரும்பலகையில் எழுதும் சாக்கட்டிச் சத்தம் கேட்பது போல இருக்கிறது.

மூன்றாம் நாள், ஜம்பை

இந்தப் பயணத்தை இந்த ஒரு நாளுக்காகத்தான் போட்டேன்.

மணலூர்ப்பேட்டைக்கு அருகில், தென்பெண்ணைக் கரையோரம் ஜம்பை. ஊருக்கு வெளியே பாறைக்குன்று, அதில் சமணத் துறவியர் தங்கிய ஒரு குகைத்தளம். வெயில் ஏறும் முன்பே போய்விட்டேன். ஊர்ப் பையன் ஒருவன் முள்ளை விலக்கி வழி காட்டினான். உள்ளே தரை குளிர்ந்திருந்தது. கண் பழகுவதற்குச் சற்று நேரம் பிடித்தது. பிறகு பாறையில் ஒற்றை வரி தெரிந்தது. தமிழி எழுத்து, தமிழின் பழைய பிராமி வடிவம்.

"ஸதியபுதோ அதியந் நெடுமாந் அஞ்சி ஈத்த பாளி."

1981ஆம் ஆண்டு தமிழ்நாடு தொல்லியல் துறை இதைக் கண்டுபிடித்தபோது அறிஞர்கள் மகிழ்ந்ததற்குக் காரணம் முதல் சொல். அசோகரின் பாறைக் கட்டளையில் சோழர், பாண்டியர், கேரளபுத்திரரோடு 'சதியபுத்திரர்' என்று ஒரு பெயர் வருகிறது. அவர்கள் யார் என்று நெடுங்காலம் வாதம் நடந்தது. இந்த ஒரு வரி அதியமான்களை நோக்கிக் கை காட்டிவிட்டது. சங்கப் பாட்டில் மட்டுமே இருந்த ஒரு பெயர் அதே வரியில் கல்லிலும் வந்து நின்றது.

எனக்கோ கடைசி இரண்டு சொற்கள். பாளி என்றால் குகை, துறவியர் படுக்கும் இடம். ஈத்த பாளி: கொடுத்த குகை.

தரையில் உட்கார்ந்து புத்தகத்தைத் திறந்தேன். 91: "சாதல் நீங்க எமக்கு ஈத்தனையே." 235: "சிறியகட் பெறினே எமக்கீயும் மன்னே." கொஞ்சம் கள் கிடைத்தால் எங்களுக்கே ஈவான், நிறையக் கிடைத்தால் நாங்கள் பாட அவனும் சேர்ந்து மகிழ்ந்து உண்பான். அதே பாட்டின் இறுதியில், இனிப் பாடுபவரும் இல்லை, பாடுபவருக்கு ஒன்று 'ஈகுநரும் இல்லை'. ஔவை அவனைப் பற்றிப் பேசும்போதெல்லாம் எந்த வினையைப் பிடித்துக்கொள்கிறாரோ, அதே வினை இங்கே பாறையில் இருக்கிறது. பாடியவர் வேறு, பொறித்தவர் வேறு. ஒருவர் புலவர், இன்னொருவர் பெயர் தெரியாத கல்தச்சர். இருவருக்கும் அந்த மனிதனைச் சொல்ல வேறு சொல் கிடைக்கவில்லை.

அப்பா வகுப்பில் ஈ, தா, கொடு என்ற மூன்று சொற்களுக்கு ஒரு முழுப் பாடவேளையைச் செலவிடுவார். தொல்காப்பியர் கணக்கில் 'ஈ' என்று கேட்பவன் தாழ்ந்தவன், 'தா' என்பவன் ஒத்தவன், 'கொடு' என்பவன் உயர்ந்தவன். கை கீழே இருக்கிறவனின் சொல் ஈ. அதை ஒரு வேந்தனின் பெயரோடு சேர்த்துக் குகையில் வெட்டி வைத்திருக்கிறார்கள்.

ஔவை பாடிய அந்தப் பீலி சூட்டிய நடுகல் நமக்குக் கிடைக்கவில்லை. எங்கே நட்டார்களோ, எந்த ஏருக்கு வழிவிட்டதோ, எந்த வீட்டுக்கு அடிக்கல்லாகிப் போனதோ. அவன் விழுந்ததைச் சொன்ன கல் போய்விட்டது. கொடுத்ததைச் சொல்லும் கல் இங்கே இருக்கிறது. அவன் இறந்தபோது ஔவை இன்னொரு பாட்டும் பாடினார் (231). ஈமத் தீ அவன் உடலை நெருங்கினாலும் நெருங்கட்டும், நெருங்காமல் வானம் வரை எரிந்தாலும் எரியட்டும், திங்கள் போன்ற வெண்குடையும் ஞாயிறு போன்ற ஒளியும் உடையவனின் "புகழ் மாயலவே". ஏழு வயதில் அப்பா இதை மனப்பாடம் செய்ய வைத்தார். பொருள் தெரியாமல் ஒப்பித்த அந்தப் பாட்டை அந்தக் குகையில் வாய்விட்டுச் சொன்னேன். பையன் வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தான்.

"யாருடைய பாட்டு அண்ணா?"

"இந்த எழுத்தில் இருப்பவர் செத்துப்போனபோது அவருடைய சிநேகிதி பாடியது."

அவன் உள்ளே வந்து, எந்த எழுத்து 'அ' என்று கேட்டான். காட்டினேன். அவனுடைய 'அ'வுக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை என்றான். பையில் மிஞ்சியிருந்த நெல்லிக்காய்களில் இரண்டை அவனிடம் கொடுத்தேன்.

நான்காம் நாள், திருக்கோவலூர்

அதியமான் தகடூரிலிருந்து படையோடு வந்து தாக்கிய கோவலூர் இது (புறம் 99). அதைப் பரணர் பாடினார் என்று ஔவையே சொல்கிறார். ஆனால் நான் இங்கே வந்தது பாரியின் நண்பர் கபிலருக்காக.

தென்பெண்ணை ஆற்றில் தண்ணீர் குறைவு. மணலில் நடந்தே கபிலர் குன்றுக்குப் போகலாம். ஆற்றுக்குள் நிமிர்ந்து நிற்கும் பாறை, உச்சியில் ஒரு சிறு கோயில். அருகிலேயே வீரட்டானேசுவரர் கோயில். அங்குள்ள இராசராச சோழன் காலத்துக் கல்வெட்டு ஒன்று, பாரியின் மகளைக் கோவலூர்த் தலைவன் மலையனுக்குக் கொடுத்துவிட்டுக் கபிலர் தீப்புகுந்த கதையைச் சொல்லி, இந்தப் பாறையைக் "கனல்புகும் கபிலக் கல்" என்கிறது. புறநானூற்றுப் பாட்டின் அடிக்குறிப்பான கொளுவோ, மகளிரைப் பார்ப்பாரிடம் ஒப்படைத்துவிட்டு அவர் வடக்கிருந்தார், அதாவது உண்ணாமல் இருந்து உயிர்விட்டார் என்கிறது. தீயா, பட்டினியா என்ற கேள்விக்கு இரண்டு விடைகள். எப்படியானாலும் அவர் பாரிக்குப் பின் இருக்க விரும்பவில்லை.

236ஆம் பாடலில் கபிலர் இறந்த பாரியிடம் சண்டை பிடிக்கிறார். நீ என்னைக் கூட வரவிடாமல் 'இரு' என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாய், அப்படியானால் நான் உனக்குப் பொருத்தமான நண்பனாக இல்லை போலும். ஆனாலும் இப்பிறவியில் போலவே மறுமையிலும் உன்னோடு இடைவிடாமல் கூடியிருக்கும்படி உயர்ந்த ஊழ் செய்யட்டும்.

மூன்று நாளாக ஔவையோடு நடந்துவிட்டு இங்கே வந்தால் கபிலரின் மீது எனக்குச் சற்றுக் கோபம்கூட வருகிறது. அவரும் பெரிய கவி. பாரி 'இரு' என்று சொன்னது காரணத்தோடுதானே? ஔவை இருந்தார். காலையும் மாலையும் வேண்டாம் என்று பாடிவிட்டும் இருந்தார். இருந்ததால்தான் மூன்று கையறுநிலைப் பாட்டு நமக்குக் கிடைத்தது. ஆனால் பாறையின் உச்சியில் உட்கார்ந்து ஆற்றைப் பார்த்துக்கொண்டிருந்தபோது அந்தக் கோபம் தணிந்தது. அம்மா போன பிறகு அப்பா ஒன்பது வருடம் இருந்தார். நாங்கள் 'இருங்கள்' என்றோம், இருந்தார். அவர் என்ன வேண்டிக்கொண்டார் என்று நாங்கள் கேட்டதில்லை.

236ஐ மறுபடி படிப்பதற்காகப் புத்தகத்தைப் பிரித்தேன். எதிர்ப்பக்கத்தில் 235. ஜம்பையில் அதன் தொடக்கத்தையும் இறுதிப் பகுதியையும் மட்டும்தான் பார்த்திருந்தேன். நடுவில் ஓர் இடம். அதியமானின் மார்பில் பாய்ந்த வேல் பாணர்களின் உண்கலத்தைத் துளைத்து, இரப்பவர் கையைத் துளைத்து, புலவர்களின் நாவில் போய்த் தைத்தது என்று பாடிவிட்டு, ஔவை கேட்கிறார்:

"ஆசாகு எந்தை யாண்டுளன் கொல்லோ."

எங்களுக்குப் பற்றுக்கோடாக இருந்த என் தந்தை எங்கே இருக்கிறானோ.

அந்த அடியின் ஓரம் வெறுமையாக இருந்தது. அப்பா யாருக்கும் அதை ஒதுக்கவில்லை. பையிலிருந்து பென்சிலை எடுத்துத் தேதியை எழுதினேன். அவருடைய எண்களைப் போலவே ஏழுக்கு நடுவில் ஒரு கோடு போட்டேன். பிறகு மணலில் இறங்கிக் கரைக்கு நடந்தேன். விழுப்புரம் பஸ் ஐந்தே முக்காலுக்கு.